‘காமெரா’ என்று மட்டும் போடுவார்கள்: ஜெர்மன் ஒளிப்பதிவாளரின் தொழில்

ஜெர்மனியில் ஞாயிற்றுக்கிழமை இரவு எட்டேகால் மணி என்றால் ‘டாட்டோர்ட்’. குற்றம் நடந்த இடம் என்று அர்த்தம். 1970 நவம்பரில் ஆரம்பித்த துப்பறியும் தொடர், இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. ஒவ்வொரு கதையும் 90 நிமிடம். ஒரு வாரம் மியூனிக், இன்னொரு வாரம் கொலோன் என்று ஊரும் மாறும், துப்பறிகிறவர்களும் மாறுவார்கள். மாறாதது முகப்பு மட்டும்தான்: ஒரு ஜோடிக் கண்கள், குறிபார்க்கும் வளையம், ஈரத் தரையில் ஓடும் கால்கள். அது முடிந்து கதை தொடங்கும்போது பெயர்கள் ஒவ்வொன்றாக வரும். நடுவில் எங்கோ ‘காமெரா’ என்று ஒரு சொல், கூடவே ஒரு பெயர். இரண்டு மூன்று நொடிதான், போய்விடும்.

அந்தப் பெயருக்கு உரியவர் என்ன வேலை செய்கிறார், அந்த இடத்துக்கு எப்படி வந்து சேர்ந்தார், எதை வைத்துப் பிழைக்கிறார்? ஜெர்மன் படங்களை இப்போதுதான் பார்க்கத் தொடங்கியிருப்பவர்களுக்காக இதை அடியிலிருந்து சொல்லிப் பார்க்கிறேன்.

கேமராவைப் பிடிப்பவரா?

கேமராமேன் என்றதும் கேமராவைத் தோளில் சுமந்தவர்தான் நம் கண்முன் வருவார். கல்யாண வீடியோக்கள் செய்துவிட்ட வேலை அது. சினிமாவில் அங்கே இரண்டு வேலைகள் இருக்கின்றன. கேமராவைத் தொட்டு இயக்குகிறவர் ஒருவர். ஜெர்மன் படப்பிடிப்புத் தளத்தில் அவரை ‘ஷ்வெங்கர்’ என்பார்கள். திருப்புகிறவர் என்று வைத்துக்கொள்ளலாம். படம் எப்படித் தெரிய வேண்டும் என்று முடிவு செய்கிறவர் இன்னொருவர், அவர்தான் ஒளிப்பதிவாளர். வெளிச்சம் எந்தப் பக்கத்திலிருந்து வர வேண்டும், எந்த லென்ஸ், கேமரா எந்த உயரத்தில், அது நகர வேண்டுமா சும்மா நிற்க வேண்டுமா, ஒரு முகத்தில் எவ்வளவு இருட்டை விட்டுவைக்கலாம், எல்லாம் அவர் பொறுப்பு.

குழப்பம் வருவதற்கு ஒரு நியாயமான காரணம் உண்டு. ஜெர்மனியில் இந்த இரண்டு வேலையையும் ஒரே ஆள் செய்வதுதான் நெடுநாள் வழக்கம். அதனால் ‘கேமராக்காரர்’ என்ற பழைய சொல்லே இருவருக்கும் போதுமானதாக இருந்தது. 1980இல் தொடங்கிய ஒளிப்பதிவாளர் சங்கத்துக்கு இந்தச் சொல் போதவில்லை. ‘படத்துக்கு உருக்கொடுக்கும் கேமராக்காரர்’ என்று சொல்லுங்கள் என்கிறார்கள். ஜெர்மன் காதுக்கே அது நீளம்தான். வெறும் கௌரவத்துக்காக அவர்கள் இதைக் கேட்கவில்லை. இந்தச் சொல்லுக்குப் பின்னால் பணம் இருக்கிறது, வழக்கு இருக்கிறது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

ஒரு சமையலறை, காலை பத்து மணி

வேலையை ஒரு சின்னக் காட்சியில் வைத்துப் பார்ப்போம். ஒரு பெண் சமையலறையில் காபி போட்டுக்கொண்டிருக்கிறாள். அழைப்பு மணி அடிக்கிறது. வாசலில் இரண்டு போலீஸ்காரர்கள். அவள் மகன் இறந்துவிட்டான். திரைக்கதையில் இது நான்கு வரி.

படப்பிடிப்புக்குச் சில வாரம் முன்பே இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் உட்கார்ந்து இந்த நான்கு வரியைத் துண்டு போடுவார்கள். கதவைத் திறக்கும் கையா, அவள் முதுகா, போலீஸ்காரரின் தயங்கும் முகமா? எதை முதலில் காட்டுவது, எதைக் காட்டாமலே விடுவது? இந்த வேலைக்கு ஜெர்மனில் ‘அவுஃப்லோஸுங்’ என்று பெயர். சர்க்கரை தண்ணீரில் கரைவதற்கும் இதே சொல், புதிருக்கு விடை சொல்வதற்கும் இதே சொல். தொழில்சொல்லாக எனக்கு மிகவும் பிடித்த சொல் இது. காட்சியைக் கரைத்தால்தான் விடை கிடைக்கிறது.

அப்புறம் வெளிச்சம். கதையில் இந்தக் காட்சி இரண்டு நிமிடம், காலை பத்து மணி. எடுக்கும்போது நாலு மணி நேரம் ஆகும். அதற்குள் உண்மையான சூரியன் ஜன்னலைக் கடந்து பக்கத்து வீட்டுக் கூரைக்குப் போயிருக்கும். காலையில் எடுத்த முகத்தையும் மதியம் எடுத்த முகத்தையும் ஒட்டினால் இரண்டு வெவ்வேறு நாள் போலத் தெரியும். அதனால் ஜன்னலுக்கு வெளியே ஒரு பெரிய விளக்கை உயரத்தில் நிறுத்தி, அதையே சூரியனாக்கிவிடுவார்கள். வெளியே மேகம் வந்தாலும் உள்ளே மணி பத்துதான். இந்த விளக்குகளைப் பார்த்துக்கொள்கிறவர் ‘ஓபர்பெலாய்ஷ்டர்’, தலைமை விளக்குக்காரர். ஒளிப்பதிவாளர் “அந்தப் பக்கச் சுவர் கொஞ்சம் அடங்கட்டும்” என்று முனகினாலே எந்தத் துணியை எங்கே தொங்கவிட வேண்டும் என்று தெரிந்தவர். நல்ல விளக்குக்காரர் கிடைத்தால் ஒளிப்பதிவாளர்கள் அவரை லேசில் விடமாட்டார்கள்.

கேமராவுக்குப் பக்கத்தில் ஒருவர் லென்ஸ் வளையத்தில் கைவைத்தபடி நடிகையையே பார்த்துக்கொண்டிருப்பார். அந்தப் பெண் ஓரடி பின்வாங்கினால் வளையமும் அதே நொடியில் திரும்ப வேண்டும், இல்லையென்றால் முகம் மங்கிவிடும். அவர் முதல் உதவியாளர். ஒளிப்பதிவாளர்களில் பலர் இந்த இடத்தில் வருஷக்கணக்கில் நின்றுவிட்டு வந்தவர்கள்.

படப்பிடிப்பு முடிந்த பிறகும் வேலை இருக்கிறது. எடுத்த துண்டுகளுக்கெல்லாம் நிறமும் வெளிச்சமும் சமன்செய்ய வேண்டும். இதை ‘லிஷ்ட்பெஷ்டிம்முங்’ என்பார்கள், வெளிச்சத்தைத் தீர்மானித்தல்.

ஒரு ‘டாட்டோர்ட்’ கதைக்கு இருபத்துச் சொச்சம் படப்பிடிப்பு நாள்தான் கிடைக்கும். 90 நிமிடத்தை வகுத்துப் பாருங்கள்: நாளுக்கு நாலு நிமிடம் எடுத்தாக வேண்டும். மேலே சொன்ன சமையலறைக்கு அரை நாளுக்கு மேல் செலவழிக்க முடியாது. தொலைக்காட்சி ஒளிப்பதிவாளரின் திறமை என்பதில் பாதி, எதை விட்டுவிடலாம் என்று தெரிந்திருப்பது.

சினிமாவா, டிவியா?

இந்தக் கேள்வியை ஜெர்மனியில் கேட்டால் கொஞ்சம் விழிப்பார்கள். அங்கே இரண்டும் ஒரே சமையலறையில் வேகிறவை. படங்களுக்குப் பொதுநிதி கொடுக்கும் திரைப்பட ஊக்குவிப்பு நிறுவனம் 1968இல் வந்தது. அது 1974இல் அரசுசாராப் பொது ஒளிபரப்பு நிறுவனங்களான ஏஆர்டி, இசட்டிஎஃப் இரண்டுடனும் ஓர் ஒப்பந்தம் போட்டது. படம் எடுக்க அலைவரிசைகள் பணம் கொடுக்கும். படம் முதலில் தியேட்டரில் ஓடும், பிறகு அவர்களுடைய திரையில். இன்றைக்கும் பல ஜெர்மன் சினிமாக்களின் தொடக்கத்தில் ஏதாவது ஒரு அலைவரிசையின் பெயர் இருப்பது இதனால்தான். பணம் ஒரே பையிலிருந்து வரும்போது ஆட்களும் இரண்டு பக்கமும் போய்வருகிறார்கள்.

இதற்கு நான் காட்டக்கூடிய நல்ல உதாரணம் கெர்னோட் ரோல். 1939இல் டிரெஸ்டனில் பிறந்தார். கிழக்கு ஜெர்மனியின் அரசு ஸ்டுடியோவான டெஃபாவில் தொழில் கற்று, பெர்லின் சுவர் எழும்புவதற்கு முந்தைய ஆண்டில், 1960இல், மேற்கே வந்துவிட்டார். எட்கார் ரைட்ஸ் இயக்கி 1984இல் வந்த ‘ஹைமாட்’ அவர் கேமராவில் உருவானது. ஹுன்ஸ்ரூக் மலைப்பகுதியில் ஒரு கற்பனைக் கிராமம், அதில் ஒரு குடும்பத்தின் அறுபது வருஷக் கதை, பதினோரு பகுதிகள், மொத்தம் பதினைந்து மணி நேரத்துக்கு மேல். டிவிக்காக எடுத்தது, ஆனால் திரைப்பட விழாக்களில் பெரிய திரையில் ஓடியது. கருப்பு வெள்ளையில் போய்க்கொண்டே இருக்கும், திடீரென்று ஒரு காட்சி வண்ணத்தில் வரும், மறுபடி கருப்பு வெள்ளை. நினைவுகூர்வது பற்றிய கதை என்பதால் எது நினைவு, எது நிகழ்வு என்று கண் தேடத் தொடங்கிவிடும். கடைசிவரை உறுதியான பதில் கிடைக்காது. எனக்கு அதுவே அந்தத் தொடரின் ருசி.

இவ்வளவு செய்தவர் அதோடு கலைப்படக்காரராக உட்கார்ந்துவிடவில்லை. எழுத்தாளர் தோமஸ் மன் குடும்பத்தைப் பற்றிய டிவி தொடர், 2001இல் வந்து வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கரை வாங்கிய ‘ஆப்பிரிக்காவில் எங்குமில்லை’, மயோர்கா தீவுக்குக் குடிக்கப் போகும் ஜெர்மானியர்களைப் பற்றிய ‘பாலர்மான் 6’ என்ற அசட்டு நகைச்சுவை, எல்லாம் அதே ஆளின் பட்டியலில் இருக்கின்றன. கடைசியாகச் சொன்னதை அவரே சேர்ந்து இயக்கவும் செய்தார். 2020இல் இறக்கும்வரை பட்டியல் நீண்டுகொண்டே போனது. ஜெர்மன் ஒளிப்பதிவாளரின் வாழ்க்கை என்றால் பெரும்பாலும் இந்த வடிவம்தான்: மலை, பள்ளம், நடுவில் நிறைய ஞாயிற்றுக்கிழமை இரவுகள்.

டிவி கற்றுக்கொடுத்த வேகம்

மிகாயேல் பால்ஹவுஸ் கதை வேறு மாதிரி. அப்பா அம்மா இருவரும் நாடக நடிகர்கள். இளைஞராக இருந்தபோது இயக்குநர் மாக்ஸ் ஓஃபுல்ஸின் ‘லோலா மோந்தெஸ்’ படப்பிடிப்பை வேடிக்கை பார்க்கப் போனவர், இதுதான் என் வேலை என்று முடிவுசெய்தார். ஆனால் உடனே சினிமாவுக்கு வரவில்லை. 1960களில் பாடன்-பாடனில் இருந்த ஒளிபரப்பு நிலையத்தில் மாதச் சம்பளத்துக்கு கேமராமேனாக இருந்தார். நாடகம், படம் என்று வந்ததையெல்லாம் எடுத்தார்.

அந்தப் பழக்கம் இயக்குநர் ஃபாஸ்பிண்டரிடம் போனபோது கைகொடுத்தது. 1972இல் வந்த ‘பெட்ரா ஃபொன் காண்டின் கசந்த கண்ணீர்’ படத்தை ஒரே அறைக்குள், பத்து நாளில் முடித்தார்கள். அடுத்த வருஷம் டிவிக்காக ‘கம்பியில் உலகம்’ என்ற இரண்டு பகுதி அறிவியல் புனைகதை. அறையெல்லாம் கண்ணாடி, கண்ணாடிக்குள் கண்ணாடி. ஆனாலும் கேமரா எங்கும் மாட்டிக்கொள்ளாது. அவருடைய ‘மார்த்தா’ படத்தில் ஓர் ஆணும் பெண்ணும் எதிரெதிரே நடந்துவந்து ஒருவரையொருவர் கடக்கும் நொடியில் கேமரா அவர்களை முழுவட்டமாகச் சுற்றிவரும். வட்டத் தண்டவாளம் போட்டு எடுத்தது. அந்தச் சுற்று பிற்பாடு பால்ஹவுஸின் கையெழுத்தாகவே ஆகிவிட்டது.

1980களில் அமெரிக்கா போனார். சின்ன பட்ஜெட்டில், இரவுகளிலேயே எடுக்க வேண்டியிருந்த ‘ஆஃப்டர் அவர்ஸ்’ படத்துக்கு மார்ட்டின் ஸ்கார்செஸி அவரைக் கூப்பிட்டதற்கு அந்த வேகமே பெரிய காரணம். அதில் தொடங்கி ‘தி டிபார்ட்டட்’ வரை இருவரும் ஏழு படம் செய்தார்கள். நடுவில் வந்த ‘குட்ஃபெல்லாஸ்’ படத்தில் ஒரு ஜோடி சமையலறை வழியாக நைட் கிளப்புக்குள் நுழையும் அந்த நீண்ட காட்சியை எல்லோரும் பால்ஹவுஸ் எடுத்தது என்பார்கள். சரிதான். ஆனால் கேமராவை உடம்பில் கட்டிக்கொண்டு நடந்தவர் லாரி மக்கான்கி என்ற ஆபரேட்டர். முதலில் சொன்ன இரண்டு வேலைக் கணக்கு இங்கே தெளிவாகத் தெரியும்.

எப்படி நுழைவது?

இரண்டு வாசல் உண்டு. ஒன்று திரைப்படப் பள்ளி: 1954இல் தொடங்கிய பாபெல்ஸ்பெர்க், 1966இல் வந்த மியூனிக், பெர்லின் பள்ளிகள், 1991இல் வந்த லூட்விக்ஸ்பூர்க். இங்கே கேமராவுக்குத் தனிப் பிரிவு உண்டு. கூடவே படிக்கும் இயக்குநர் மாணவர்களின் குறும்படங்களை எடுத்துக்கொடுத்து வளர வேண்டும். பள்ளியின் உண்மையான லாபம் அந்தத் தோழமை. இன்னொரு வாசல் உதவியாளர் ஏணி: பொருள் எடுத்துவைப்பவர், இரண்டாம் உதவியாளர், முதல் உதவியாளர் என்று ஏறுவது. ‘ஆசிரியர் அறை’ (2023) படத்தின் ஒளிப்பதிவாளர் யூடித் காவுஃப்மான் உதவியாளராகத் தொடங்கியவர்தான். அந்தப் படத்தை அவர் பழைய டிவிப் பெட்டி போன்ற சதுரம் மாதிரிச் சட்டத்தில் எடுத்திருக்கிறார். பள்ளிக்கூடத்தைவிட்டு வெளியே போகவே முடியாத ஓர் ஆசிரியையின் கதைக்கு இரண்டு பக்கமும் சுவர் நெருக்குவது போலவே இருக்கும்.

மாதச் சம்பள வேலை இப்போது அரிது. ஒரு படத்துக்கு எத்தனை வாரமோ அத்தனை வாரத்துக்கு வேலைக்கு எடுப்பார்கள், முடிந்ததும் அடுத்த அழைப்புக்குக் காத்திருக்க வேண்டும். ஒரே இயக்குநர் திரும்பத் திரும்பக் கூப்பிடுவதுதான் இந்தத் தொழிலில் காப்பீடு.

குழாய்க்குள் ஓடியவர்

கடைசி ஆள் யோஸ்ட் வக்கானோ. 1934இல் பிறந்தவர். இவரும் சினிமா, டிவி இரண்டிலும் வேலை செய்தவர். 1980இல் மியூனிக்குக்குப் பக்கத்தில் கைசல்காஸ்டைக் ஸ்டுடியோவில் ‘தாஸ் போட்’ படம் தொடங்கியது. (பாம்பே டாக்கீஸில் ‘அச்சூத் கன்யா’, ‘மகல்’ என்ற இந்திப் படங்களையும் பிறகு வேறு நிறுவனத்துக்காக ‘பாக்கீசா’வையும் எடுத்த ஜெர்மன் ஒளிப்பதிவாளர் யோசஃப் விர்ஷிங் தொழில் கற்றது இதே ஸ்டுடியோவின் முன்னோடி நிறுவனத்தில்தான்.) இயக்குநர் வொல்ஃப்காங் பீட்டர்சன் ‘டாட்டோர்ட்’ எடுத்துப் பெயர் வாங்கி வந்தவர். கதை இரண்டாம் உலகப் போரின் ஒரு நீர்மூழ்கிக் கப்பலுக்குள் நடப்பது.

கப்பலின் உட்புறத்தை உண்மையான அளவிலேயே கட்டினார்கள். நீண்ட இரும்புக் குழாய். இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருவர் ஒதுங்க வேண்டும். சாதாரணமாக இப்படிப்பட்ட செட்டில் ஒரு பக்கச் சுவரைக் கழற்றிவிட்டுத் தள்ளி நின்று எடுப்பார்கள். வக்கானோ குழாய்க்குள்ளேயே நின்று எடுத்தார். சுவருக்கு வெளியே கேமரா போனால் பார்ப்பவனும் வெளியே வந்து மூச்சு விட்டுவிடுவான் இல்லையா!

ஆபத்து வந்ததும் கப்பல் சீக்கிரம் மூழ்க வேண்டும். அதற்காகச் சும்மா இருக்கும் ஆட்கள் எல்லோரும் முன்பக்கம் ஓடிப்போய் எடையைக் கூட்டுவார்கள். வழியில் வட்டமான சின்னத் திறப்புகள். குனிந்து காலைத் தூக்கி நுழைய வேண்டும். இவர்களுக்குப் பின்னாலேயே கேமராவும் ஓட வேண்டும். கையில் பிடித்து ஓடினால் படம் குலுங்கித் தலைசுற்றும். குலுக்கலை அடக்க உடம்பில் கட்டிக்கொள்ளும் ஸ்டெடிகேம் அப்போது வந்துவிட்டது, ஆனால் அதைக் கட்டிக்கொண்டு அந்தத் துவாரத்துக்குள் நுழைய முடியாது. வக்கானோ ஒரு சிறிய ஆரிஃப்ளெக்ஸ் கேமராவில் இரண்டு ஜைரோஸ்கோப்புகளைப் பொருத்தினார். வேகமாகச் சுழலும் பம்பரம் சாய மறுக்கும், அதே தத்துவம். கேமரா மேலும் கீழும் போகலாம், ஆனால் கோணம் சாயாது. பாதுகாப்புக் கவசங்களை மாட்டிக்கொண்டு குழாய் முழுக்கத் தானே ஓடினார். இயந்திரச் சத்தம் அதிகம் என்பதால் வசனத்தை அப்புறம் டப்பிங்கில் சேர்த்தார்கள்.

அந்த ஆரிஃப்ளெக்ஸும் மியூனிக் சரக்குதான். ஆரி நிறுவனம் 1917இல் அங்கே தொடங்கியது. 1937இல் வந்த அவர்களுடைய கேமராவில் சுழலும் ஷட்டரிலேயே கண்ணாடி பதித்திருந்தார்கள். ஷட்டர் மூடியிருக்கும் நொடியின் சின்னத் துணுக்கில் வெளிச்சம் கண்ணாடியில் பட்டு வியூஃபைண்டருக்குப் போகும். லென்ஸ் பார்ப்பதையே எடுப்பவரும் பார்க்கலாம். ஓடிக்கொண்டே குறிபார்க்க முடிந்ததற்கு அந்தச் சின்னக் கண்ணாடித் துண்டுக்குத்தான் நன்றி சொல்ல வேண்டும்.

1981இல் படம் தியேட்டருக்கு வந்தது. அதே படச்சுருளிலிருந்து நீண்ட டிவி தொடரும் செய்து 1985இல் ஜெர்மனியில் ஒளிபரப்பினார்கள். ஆறு ஆஸ்கர் பரிந்துரைகள், அதில் ஒன்று ஒளிப்பதிவுக்கு. அந்த வருஷம் ஒளிப்பதிவு விருது ‘காந்தி’ படத்துக்குப் போனது. வக்கானோ பிறகு ஹாலிவுட்டில் ‘ரோபோகாப்’, ‘டோட்டல் ரீகால்’ எல்லாம் எடுத்தார்.

சொல்லுக்குப் பின்னால் பணம்

‘தாஸ் போட்’டுக்கு வக்கானோ வாங்கியது மொத்தமாகச் சுமார் 2 லட்சம் மார்க், யூரோவுக்கு முந்தைய ஜெர்மன் நாணயத்தில். அன்றைக்கு அது மோசமான தொகை அல்ல. ஆனால் படம் உலகமெங்கும் ஓடியது, கேசட் ஆனது, டிவிடி ஆனது, 1997இல் புதிய நீண்ட வடிவம் வந்தது, டிவியில் திரும்பத் திரும்பப் போட்டார்கள். அவருக்கு அதில் எதுவும் வரவில்லை.

ஜெர்மன் பதிப்புரிமைச் சட்டத்தில் ஒரு விதி உண்டு, பேச்சுவழக்கில் ‘பெஸ்ட்செல்லர் விதி’ என்பார்கள். படைத்தவருக்குக் கொடுத்த கூலிக்கும் படைப்பு ஈட்டிய வருமானத்துக்கும் நடுவே கண்ணை உறுத்தும் இடைவெளி இருந்தால், அவர் மேற்கொண்டு பங்கு கேட்கலாம். 2002இல் இந்த விதியைத் திருத்தி வலுவாக்கினார்கள். இதில் முக்கியமான சொல் ‘படைத்தவர்’. கேமராவைத் திருப்பியவருக்கு இந்த உரிமை கிடையாது. படத்துக்கு உருக்கொடுத்தவருக்கு உண்டு. இயக்குநரோடு சேர்ந்து ஒளிப்பதிவாளரும் படத்தின் இணை ஆசிரியர் என்ற வாதம் நிற்க வேண்டும். சங்கம் அந்த நீளச் சொல்லை ஏன் விடாப்பிடியாகப் பிடித்துக்கொண்டது என்று இப்போது புரியும்.

வக்கானோ 2008இல் நீதிமன்றம் போனார். எதிரே தயாரிப்பு நிறுவனம், ஒளிபரப்பு நிலையங்கள், வீடியோ விற்றவர்கள். எவ்வளவு சம்பாதித்தீர்கள் என்ற கணக்கைக் காட்டச் சொல்ல அவருக்கு உரிமை உண்டு என்பதையே 2011இல் உச்ச நீதிமன்றம் வரை போய்த்தான் வாங்க முடிந்தது. பிறகு மியூனிக்கிலும் ஷ்டுட்கார்ட்டிலும் மேல்முறையீட்டு நீதிமன்றங்கள் லட்சக்கணக்கான யூரோ கொடுக்கச் சொல்லித் தீர்ப்பளித்தன. அவை மறுபடி உச்ச நீதிமன்றத்துக்குப் போயின. உரிமை இருக்கிறது, ஆனால் தொகையைக் கணக்கிட்ட முறை சரியில்லை என்று சொல்லி, 2020இல் ஒன்றையும் 2021இல் இன்னொன்றையும் கீழே திருப்பி அனுப்பியது நீதிமன்றம். அப்போது வக்கானோவுக்கு வயது 87.